சடை விஷயமாக மகளுக்கு

அன்புள்ள மக்களே,

நேற்று ராத்திரி தலை அலங்காரப் பேச்சை எடுத்ததுமே மீட்டிங் இருக்கிறது என்று போனை வைத்துவிட்டாய். 9.30 மணிக்கு என்ன மீட்டிங் என்று நான் கேட்கவில்லை. போனில் பேச முடியாததை எழுதிவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். சாப்பிட்டுவிட்டு, அவசரமில்லாமல் படி.

அலங்காரத்துக்கு ஆள் பேசியாயிற்று. முதலில் போன பார்லரில் மேக்கப், சேலைக்கட்டு, ரிசப்ஷனுக்குத் தனித் தலை எல்லாம் சேர்த்துப் பேக்கேஜாகத்தான் செய்வார்களாம். குமாரகோவிலில் முருகன் சந்நிதியில் தாலி கட்டி, 60 பேருக்கு இலை போடும் கல்யாணத்துக்கு ரிசப்ஷன் எங்கே இருக்கிறது? தலை மட்டும் போதும் என்றதும் அவர்களுக்கு ஆர்வம் போய்விட்டது. அப்புறம் சித்தி சொல்லித்தான் வடசேரியில் இந்தப் பெண்ணைப் பார்த்தேன். பரதநாட்டிய அரங்கேற்றங்களுக்குச் சடை வைத்துப் பழகிய கை. தலைக்கு மட்டும் 4,000 ரூபாய், பூ நம்முடையது, விடியற்காலை 4.30 மணிக்கு வீட்டுக்கே வந்துவிடுவாள். ஆடியில் எதற்குப் பணம் கொடுக்கிறாய் என்று அத்தை முகம் சுளித்தாள். அதனால் ஆடிப்பெருக்கு வரை பொறுத்திருந்து அட்வான்ஸ் கொடுத்தேன்.

அவள் கேட்டது ஒன்றுதான். முடியை அவிழ்த்துவிட்டு, பின்னாலிருந்து, ஜன்னல் வெளிச்சத்தில் ஒரு போட்டோ. நானும் கேட்டுக்கொண்டே இருக்கிறேன். நீ கட்டைவிரலைத் தூக்கிக் காட்டும் படம் அனுப்புகிறாய், போட்டோ வரவில்லை.

போட்டோ எதற்கு என்று நீ நினைக்கலாம். பின்னலோடு சேர்த்துக் கட்டும் சவரி முடி வாங்குவதற்கு. நீளம், கனம், நிறம் மூன்றும் பொருந்த வேண்டும். அவள் தன் மகள் தலையிலேயே வைத்துக் காட்டினாள். உச்சியில் கொஞ்சம் முடியை எடுத்துச் சின்னதாக ஒரு குடுமி போடுகிறாள். மூன்று பிரிச் சவரியின் தலைப்பில் இருக்கும் கயிற்று வளையத்தை அதில் மாட்டி, இரண்டு பக்கமும் ஊசி குத்துகிறாள். பிறகு சொந்த முடியை மூன்றாகப் பிரித்து ஒவ்வொரு பிரியின் மேலும் பரத்திப் பின்னுகிறாள். பின்னி முடித்த பிறகு எது சொந்தம், எது சவரி என்று பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்கே தெரியவில்லை. அந்தப் பிள்ளையின் முடி தோளுக்குக் கீழே நாலு விரல்தான் இருக்கும், அதுவும் மெல்லிசு. எந்த மணப்பெண்ணுக்கும் சவரி இல்லாமல் செய்வதில்லை, இடுப்புக்குக் கீழே முடி உள்ளவர்களுக்கும் வைக்கிறேன் என்றாள். கல்யாணச் சடை தாங்க வேண்டிய பாரம் அப்படி.

பின்னல் மேல் வைக்கிற நகை, ஆச்சியின் சடைநாகத்தை எடுத்துப் பார்த்தேன். சிவப்புக் கெம்புக்கல் ஒன்றுகூட உதிரவில்லை. வடசேரி ஆசாரிமார் வேலை, இன்றைக்குச் செய்யச் சொன்னால் செய்ய ஆள் தேட வேண்டும். பின்பக்கத்து நூல் மட்டும் இற்றுப்போயிருந்தது, மாற்றக் கொடுத்திருக்கிறேன். ராக்கொடியை மெருகு போட வேண்டாம் என்று சொல்லிவிட்டேன், வள்ளியூர்க்காரி நகைக்கு என்ன ஆயிற்று என்று உனக்குத் தெரியும். கனமான சாமான்தான். பின்னல் மெல்லிசாக இருந்தால் சடைநாகம் ஒரு பக்கமாகத் திரும்பிக்கொள்ளும். போட்டோ கேட்பது இதற்காகத்தான், வேறெதற்கும் இல்லை.

பூவுக்கும் சொல்லியாயிற்று. நம் முகூர்த்தம் ஓணத்தை ஒட்டி வருகிறது. தோவாளைப் பூவெல்லாம் கேரளாவுக்கு வண்டி ஏறும் சமயம், அன்றைக்குப் போய் நின்றால் வாய்க்கு வந்த விலை சொல்வார்கள். அதனால் மாணிக்க மாலை கட்டும் அண்ணாச்சி வீட்டில் முன்கூட்டியே பேசிவிட்டேன். அந்த மாலைக்கு 2025-ல் புவிசார் குறியீடு கிடைத்தபோது பேப்பரை எடுத்து வைத்து அப்பா உனக்குப் போட்டோ அனுப்பினாரே, நினைவிருக்கிறதா? அரளிப்பூவை மடித்து நொச்சி இலை வைத்துக் கட்டும் அதே மாலைதான், உங்கள் இரண்டு பேருக்கும். தலைக்குப் பிச்சி. மல்லிகை வேண்டாம் என்று நானே சொல்லிவிட்டேன், நம் ஊர்ப் பெண்ணுக்குப் பிச்சிதான் எடுப்பு. முந்தின நாள் மொட்டை வாங்கி, சாயங்காலமே வாழைப்பட்டையில் தைத்து, ஈரத்துணியும் வாழையிலையும் சுற்றி வைத்துவிட்டால் காலையில் வாய் திறக்கிற பருவத்தில் இருக்கும்.

முந்தின நாளே தலைக்குக் குளித்துவிடு. அன்று காலையில் குளித்தால் ஈரம் காயாது, ஊசி நிற்காது. கண்டிஷனர் போடாதே, வழுக்கும். சடங்குக்கு உச்சியில் எண்ணெய் தொட்டு வைப்பார்கள், அது ஒரு சொட்டு, பரவாயில்லை. முந்தின நாளே குளி, மறந்துவிடாதே.

மேலத்தெரு டீச்சர் மகளைப் பார்த்தேன். போன வருஷம் அவளுக்கும் டெங்கு வந்ததாம். காய்ச்சல் விட்டு இரண்டு மூன்று மாதம் கழித்து முடி கொத்துக் கொத்தாகக் கொட்டியதாம். தோல் டாக்டரிடம் காட்டினால், பெரிய காய்ச்சலுக்குப் பிறகு இப்படிக் கொட்டுவது வழக்கம், வேர் சாகாது, பெரும்பாலும் ஆறு மாதம் ஒரு வருஷத்தில் திரும்ப வந்துவிடும் என்றாராம். இரும்புச்சத்துக்கும் தைராய்டுக்கும் மட்டும் ரத்தம் கொடுத்துப் பார்க்கச் சொன்னாராம். இப்போது அந்தப் பிள்ளைக்கு நெற்றி ஓரமெல்லாம் புதுமுடி பூனைமுடி மாதிரி நிற்கிறது.

உனக்கு வைகாசியில் காய்ச்சல். ஆஸ்பத்திரியில் படுத்ததையே வீட்டுக்கு வந்த பிறகுதான் சொன்னாய். தட்டணுக்கள் எண்ணிக்கை அத்தனை இறங்கியிருந்தும், பெற்றவளுக்கு ஒரு போன் செய்யத் தோன்றவில்லை. அதை இன்னும் என்னால் ஆற்றிக்கொள்ள முடியவில்லை, மக்களே. ஆனால் தனியாகவே ஆட்டோ பிடித்துப் போய் அட்மிட் ஆகி, தனியாகவே பில் கட்டி வந்திருக்கிறாய். அதைச் சொல்லும்போது அப்பாவுக்குக் குரல் தழுதழுத்துவிடுகிறது. இப்படி ஒரு பிள்ளை யாருக்கு வாய்க்கும் என்கிறார்.

இப்போது வீடியோவில் வந்தால் தலையில் ஷால். பெங்களூரில் குளிர் என்கிறாய். சரி.

பெண் பார்க்க வந்த அன்று மாப்பிள்ளையின் அம்மா உன் பின்னலைக் கையில் எடுத்துப் பார்த்து, இந்தக் காலத்தில் இப்படி முடியா என்றார்கள். அன்று எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். அதை நீ மனதில் வைத்துக்கொண்டு திரியாதே. அவர்கள் வீட்டுக்குப் போகப்போவது என் பெண், அவளுடைய பின்னல் இல்லை. மாப்பிள்ளையிடம் எதுவும் சொல்ல வேண்டியிருந்தால் நீயே சொல்லிவிடு, உன் வாயால் கேட்பதுதான் அவருக்கும் மரியாதை. நல்ல பிள்ளையாகத்தான் தெரிகிறார். காய்ச்சலின்போது தினமும் கூப்பிட்டார் என்று நீதானே சொன்னாய்?

நீளச் சடை வேண்டாம் என்று உனக்குத் தோன்றினால் அதற்கும் வழி இருக்கிறது. கழுத்துக்கு மேலே தாழ்வாக ஒரு கொண்டை போட்டு, சுற்றிலும் பிச்சிச் சரம் வைத்தால் போதும். உள்ளே வைப்பதற்கு வளையம் இருக்கிறது, அதனால் சொந்த முடி கொஞ்சம் இருந்தாலே மூடிவிடலாம். நம் பக்கத்தில் பாதிப் பெண்கள் அப்படித்தான் மணவறையில் உட்காருகிறார்கள். சடைநாகத்தை உள்ளேயே வைத்துவிடுவேன், ஆச்சி கோபித்துக்கொள்ள மாட்டாள். எதுவானாலும் முடியை எதிர்த்துச் சீவி உப்ப வைக்கக் கூடாது, பசை போட்டு ஒட்டும் முடி கூடாது என்று அந்தப் பெண்ணிடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். இருக்கிற முடியை இழுத்துப் பிடித்து வலிக்கச் செய்கிற அலங்காரம் நமக்கு வேண்டாம்.

போட்டோவை அவளுக்கு அனுப்பத் தயக்கமாக இருந்தால் எனக்கு மட்டும் அனுப்பு. அப்பாவிடமோ சித்தியிடமோ காட்ட மாட்டேன். நான் பார்த்துவிட்டு அளவை மட்டும் அவளிடம் சொல்லிக்கொள்கிறேன். முந்தின நாள் குளிப்பதைச் சொன்னேன் அல்லவா?

பெங்களூர் பெரியம்மா வீட்டுக்குப் பத்திரிகை வைக்க ஆள் போக வேண்டும். அப்பா கிளம்பினார், நான்தான் போகிறேன் என்று சொல்லிவிட்டேன். புதன்கிழமை சாயங்காலம் நாகர்கோவிலில் ரயில் ஏறுகிறேன், வியாழன் காலையில் அங்கே இருப்பேன். நல்லெண்ணெய் காய்ச்சிக் கொண்டுவருகிறேன், முருங்கைக்கீரைப் பொடியும் இடித்து வைத்திருக்கிறேன். நீ லீவு போட வேண்டாம். சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு ஆபீஸ் போ, சாயங்காலம் வந்ததும் பேசிக்கொள்ளலாம்.

அம்மா