சாந்தோ தொமிங்கோவுக்கு ஒரு நாள்: சேகருக்குக் கடிதம்

அன்புள்ள சேகர்,

அம்மா முழங்கால் தேறி, கைத்தடி இல்லாமலே தெருமுனை வரை போய்வருகிறார்கள் என்று நீ எழுதியதைப் படித்ததும் மனசு நிறைந்துபோனது. ஜனவரியில் நால்வருமாகத் தொமினிக்கன் குடியரசின் கடற்கரை ஊரான புந்தா கானா போகிறீர்கள், ஒரு வாரமும் கடற்கரையிலேயே இருக்காமல் ஒரு நாள் தலைநகர் சாந்தோ தொமிங்கோ போய்வந்தால் என்ன, ஓட்டலில் விற்கிற சுற்றுலாவில் சேரலாமா என்று கேட்டிருந்தாய். கட்டாயம் போங்கள். ஆனால் பணம் கட்டுவதற்கு முன்னால் அந்த ஒரு நாளின் கணக்கைத் தெரிந்துகொள்.

புந்தா கானாவிலிருந்து தலைநகருக்கு ஏறக்குறைய 200 கிலோமீட்டர். நெடுஞ்சாலை நல்ல சாலைதான். இரண்டரை மணியிலிருந்து மூன்று மணி நேரத்தில் போய்விடலாம். நேரத்தைத் தின்பது சாலை அல்ல, ஆள் ஏற்றுவது. காலை 6 மணிக்கு உங்களை ஏற்றிக்கொண்டு இன்னும் ஏழெட்டு ஓட்டல்களைச் சுற்றிவிட்டுத்தான் பேருந்து கிளம்பும். வழியில் கழிப்பறைக்கென்று நினைவுப்பொருள் கடையோடு சேர்ந்த ஓரிடத்தில் அரை மணி நிறுத்துவார்கள். ஊர் போய்ச் சேர 10 மணி. மாலை 4 மணிக்குத் திரும்பினால்தான் இருட்டியதும் ஓட்டலுக்கு வரலாம்; அதற்குமேல் தாமதித்தால் ஓசாமா ஆற்றுப் பாலங்களில் அலுவலக நேர நெரிசலில் மாட்டிக்கொள்வீர்கள். ஆக ஊருக்குள் கிடைப்பது ஆறு மணி நேரம். அதில் சாப்பாடு ஒரு மணி, குகை ஒரு மணி, கலங்கரை விளக்கம் அரை மணி, சுருட்டுக் கடையும் நகைக்கடையும் முக்கால் மணி. எதற்காக அவ்வளவு தூரம் போகிறீர்களோ அந்தப் பழைய நகருக்கு மிஞ்சுவது இரண்டே முக்கால் மணி நேரம், அவ்வளவுதான். எனக்குத் தெரிந்து, இந்தச் சுற்றுலா போய் ஏமாந்தேன் என்பவர்கள் எல்லாரும் ஏமாந்தது இந்தக் கணக்கில்தான்.

அதனால் விற்பவரிடம் சில விஷயங்களைக் கேட்டு வாங்கிக்கொள். எத்தனை மொழியில் விளக்கம்? ஸ்பானிஷ், ஆங்கிலம், பிரெஞ்சு என்று மூன்று மொழிக்காரர்களை ஒரே பேருந்தில் ஏற்றினால், வழிகாட்டி ஒவ்வொன்றையும் மூன்று தடவை சொல்ல வேண்டும். உங்கள் பங்குக்கு இரண்டு வாக்கியம் வரும். கடையில் எவ்வளவு நேரம்? நுழைவுக் கட்டணங்கள் எல்லாம் சேர்த்தியா? காயே லாஸ் தாமாஸ் தெரு முழுவதும் நடந்து போவோமா, இல்லை பேருந்து ஜன்னல் வழியாகக் காட்டுவீர்களா? நால்வர் இருக்கிறீர்கள், தனி வண்டியும் சுற்றுலா அமைச்சகத்தின் அடையாள அட்டை உள்ள வழிகாட்டியும் கேட்டுப்பார். கூடுதல் செலவுதான். ஆனால் ஓட்டல் ஓட்டலாகச் சுற்றுவதும் கடை நிறுத்தமும் போய், இரண்டு மணி நேரமாவது கையில் மிஞ்சும்.

எந்தக் கிழமை போகிறோம் என்பதும் முக்கியம். திங்கட்கிழமை அருங்காட்சியகங்களுக்கு விடுமுறை. அல்காசர் என்ற பழைய மாளிகையை வெளியிலிருந்துதான் பார்க்கலாம். ஞாயிறு காலை தேவாலயத்தில் திருப்பலி நடக்கும்போது பார்வையாளர்கள் சுற்ற முடியாது. செவ்வாய் முதல் வெள்ளி வரை நல்லது. ஜனவரி மழை குறைந்த மாதம், புயல் பருவமும் நவம்பரோடு முடிந்திருக்கும். ஆனால் சொகுசுக் கப்பல்கள் வரும் பருவமும் அதுதான். கப்பல் நிற்கிற நாளில் தெருவெல்லாம் கூட்டமாக இருக்கும்.

ஊருக்குள் நுழையுமுன் லோஸ் த்ரேஸ் ஓகோஸ், அதாவது 'மூன்று கண்கள்', என்ற இடத்தில் இறக்குவார்கள். சுண்ணாம்புக் கல் குகையின் கூரை இடிந்து விழுந்து உண்டான பள்ளம்; அடியில் பச்சையும் நீலமுமாகத் தெளிந்த ஏரிகள். பெயர் மூன்று என்றாலும் ஏரிகள் நான்கு. நான்காவதை வானம் பார்த்தபடி காடு சூழ்ந்திருக்கும். அதற்கு ஒரு சின்ன மிதவையில் கயிற்றை இழுத்துக் கொண்டுபோவார்கள், அதற்குத் தனிக் கட்டணம். அழகான இடம்தான், ஆனால் படிகள் செங்குத்தானவை, எப்போதும் ஈரம், இறங்கியதையெல்லாம் திரும்ப ஏறவும் வேண்டும். அம்மா இறங்க வேண்டாம். மேலே மர நிழலில் உட்கார இடம் இருக்கிறது. சுமதியும் நீயும் மாறி மாறிப் போய்வாருங்கள்.

பக்கத்திலேயே கொலம்பஸ் கலங்கரை விளக்கம். 1992இல், அவர் வந்து 500 ஆண்டு ஆனதற்காகத் திறந்த சிலுவை வடிவக் கான்கிரீட் கட்டடம். உள்ளே அவருடைய எலும்புகள் இருப்பதாக அந்த நாடு சொல்கிறது. தங்கள் செவில் தேவாலயத்தில் இருப்பதுதான் உண்மையானவை என்று ஸ்பெயின் சொல்கிறது. ஸ்பெயினில் இறந்தவரின் உடலை பிறகு சாந்தோ தொமிங்கோ தேவாலயத்துக்குக் கொண்டுவந்தார்கள். 1795இல் தீவைப் பிரெஞ்சுக்காரர்களுக்கு விட்டுக்கொடுத்தபோது ஸ்பானியர் ஒரு பெட்டியை ஹவானாவுக்கு எடுத்துப் போனார்கள். 1898இல் கியூபாவை இழந்தபோது அது செவிலுக்குப் போனது. இடையில் 1877இல், தேவாலயத்தில் வேலை செய்தவர்கள் அவர் பெயர் பொறித்த ஈயப் பெட்டி ஒன்றைக் கண்டெடுத்தார்கள். அதைத்தான் இங்கே வைத்திருக்கிறார்கள். இந்தக் கதை தெரிந்தால் போதும். கட்டடத்தை வெளியிலிருந்து பார்த்துவிட்டு அந்த நேரத்தைப் பழைய நகருக்குக் கொடுங்கள்.

இனி நகர். ஆற்றின் கிழக்குக் கரையில் கொலம்பஸின் தம்பி பார்தொலோமே 1490களில் தொடங்கிய குடியிருப்பை 1502இல் புயல் அழித்துவிட்டது. ஆளுநர் நிக்கோலாஸ் தெ ஒவாந்தோ நகரை மேற்குக் கரைக்கு மாற்றி, நூல் பிடித்தாற்போல் நேர்த் தெருக்களாக வகுத்தார். பிறகு மெக்சிகோ முதல் பெரு வரை ஸ்பானியர் கட்டிய ஊர்களுக்கெல்லாம் இந்தக் கட்டம்தான் மாதிரி. அந்தப் புயல் வருகிறது என்று துறைமுகத்துக்கு வெளியே நின்று எச்சரித்தவர் கொலம்பஸ். ஒவாந்தோ அவரை உள்ளே விடவும் இல்லை, பேச்சைக் கேட்கவும் இல்லை. ஸ்பெயினுக்குப் புறப்பட்ட கப்பல் கூட்டத்தில் இருபதுக்குமேல் மூழ்கின. புயலுக்கு ஆங்கிலத்தில் 'ஹரிக்கேன்' என்கிறோமே, அது இந்தத் தீவின் பூர்வகுடிகளான தைனோ மக்களுடைய சொல். நம் கொய்யாவும் பப்பாளியும்கூட இந்தப் பக்கத்துப் பழங்கள்தான். பெயர்களும் கரீபியனில் பிறந்து போர்த்துக்கீசியர் வாய்வழி நம்மிடம் வந்து சேர்ந்தவை. மகளிடம் சொல்.

நடையைத் தெற்கே ஓசாமா கோட்டையில் தொடங்கச் சொல். 1500களின் தொடக்கத்தில் கட்டிய கோபுரம். உள்ளே குறுகலான படிகள், மேலே போனால் ஆற்றின் வளைவு முழுவதும் தெரியும். அங்கிருந்து வடக்கே போவதுதான் காயே லாஸ் தாமாஸ், 'சீமாட்டிகள் தெரு'. கொலம்பஸின் மகன் தியேகோவின் மனைவி மரியா தெ தொலேதோ தன் தோழிப் பெண்களோடு மாலையில் உலாவிய தெரு என்பதால் அந்தப் பெயர். மொத்தம் மூன்று நான்கு கட்டடத் தொகுதி நீளம்தான். வழியில் தேசிய நினைவாலயம்: முன்னாள் இயேசு சபைத் தேவாலயம், இப்போது நாட்டின் பெரியவர்கள் உறங்குமிடம், காவல் வீரர் அசையாமல் நிற்பார். அதற்கு எதிர்த் திசையில் 1753இல் வைத்த சூரியக் கடிகாரம், எதிரே அரசாங்க மாளிகை. அதிகாரிகள் ஜன்னலிலிருந்தே மணி பார்த்துக்கொள்ளத்தான் அங்கே வைத்தார்கள் என்பார்கள். தெரு முடிகிற இடத்தில் ஸ்பெயின் சதுக்கமும் தியேகோவின் மாளிகை அல்காசரும். இடிந்து கிடந்ததை 1950களில் மீட்டுக் கட்டினார்கள். உள்ளே 40 நிமிடம் போதும். மாடி வளைவுகளிலிருந்து ஆறு தெரியும் இடத்தில் மட்டும் கொஞ்சம் நில்லுங்கள்.

தெரு முழுக்கக் கல் பாவியது, சில இடங்களில் நடைபாதையைத் தோண்டிப் போட்டிருப்பார்கள். அம்மாவுக்கு ரப்பர் அடி வைத்த மூடிய காலணி, கைத்தடி இரண்டும் வேண்டும். ஊரில் தேவைப்படாவிட்டாலும் இங்கே தேவைப்படும். 11 மணியிலிருந்து 2 மணி வரை வெயில் நேராக அடிக்கும். பேருந்துக்குள்ளோ குளிர் நடுக்கும். குடையும் சால்வையும் ஒரே பையில் இருக்கட்டும்.

தேவாலயம், கொலம்பஸ் பூங்காவின் தெற்கே. அமெரிக்கக் கண்டங்களின் முதல் பேராலயம். 1510களில் தொடங்கி 1540 வாக்கில் முடித்தார்கள். மேற்கு வாசலில் இரட்டை வளைவு, நடுவில் ஒற்றைத் தூண், சுற்றிலும் நகை வேலை போலச் செதுக்கல். உள்ளே தலை நிமிர்ந்தால் கோத்திக் பாணி விலா வளைவுகள். வெளியே ஒரு காலம், உள்ளே அதற்கு முந்தைய காலம். 1586இல் ஆங்கிலேயக் கடலோடி பிரான்சிஸ் டிரேக் ஊரைப் பிடித்து ஏறக்குறைய ஒரு மாதம் வைத்துக்கொண்டு, சூறையாடி, 25,000 தங்கக் காசு வாங்கிக்கொண்டுதான் போனார். முழங்காலும் தோளும் மூடாமல் உள்ளே விடமாட்டார்கள், நினைவாலயத்திலும் அப்படித்தான். கடற்கரை ஓட்டலிலிருந்து அரைக்கால் சட்டையில் ஏறி வந்துவிட்டு வாசலில் நிற்பவர்கள் ஒவ்வொரு பேருந்திலும் உண்டு. நீ முழுக்கால் சட்டை, சுமதியும் மகளும் சுடிதார், அம்மாவுக்குப் புடவை: சிக்கலே இல்லை.

பெரும்பாலான சுற்றுலாக்கள் இதோடு முடித்து, 'முக்கால் மணி நேரம் உங்களுடையது' என்று காயே எல் கோந்தே கடைத்தெருவில் விட்டுவிடுவார்கள். அந்த முக்கால் மணி நேரத்தைக் கடைகளுக்குக் கொடுக்காதே. அங்கிருந்து தெற்கே ஐந்து நிமிடம் நடந்தால் தொமினிக்கன் துறவியரின் மடம். 1511 டிசம்பர் 21 ஞாயிற்றுக்கிழமை, அந்தத் துறவியரின் ஓலைக் கூரைக் கோயிலில், தியேகோ உட்பட ஊர்ப் பெரியவர்கள் எல்லாரும் உட்கார்ந்திருக்க, அந்தோனியோ தெ மொந்தேசினோஸ் என்ற துறவி எழுந்து, எந்த உரிமையில் இந்தத் தைனோ மக்களை அடிமைகளாக வைத்துச் சுரங்கத்தில் சாகடிக்கிறீர்கள், இவர்கள் மனிதர்கள் இல்லையா என்று கேட்டார். ஊரே கொதித்தது. அடுத்த ஞாயிறு மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள்; அவர் அதையே இன்னும் அழுத்திச் சொன்னார். மறு ஆண்டே, இவர்களை நடத்தும் முறையை வகுக்கும் பூர்கோஸ் சட்டங்களை ஸ்பெயின் அரசர் இயற்ற வேண்டி வந்தது. தைனோ மக்களை அவை காப்பாற்றவில்லை. சில பத்தாண்டுகளில் அந்தச் சமூகம் நோயாலும் வேலையாலும் சிதைந்தது. கரும்புத் தோட்டத்துக்கு ஆப்பிரிக்கர்களைக் கப்பலில் கொண்டுவந்தார்கள். 1521 டிசம்பரில் தியேகோவின் தோட்டத்திலேயே அவர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். அல்காசரில் அவர் வீட்டுச் சாமான்களைப் பார்க்கும்போது இதையும் நினைத்துக்கொள்ளுங்கள். முதல் தெரு, முதல் பேராலயம், முதல் மருத்துவமனை என்று வழிகாட்டி பட்டியல் போடுவார்; இந்த முதல் எதிர்ப்புக் குரலையும் கேட்டு வாங்கு.

அதே மடத்தில் ஜெபமாலைச் சிற்றாலயம் ஒன்று இருக்கிறது. அதன் விதானத்தில் நடுவே சூரியன், சுற்றிலும் பன்னிரண்டு ராசிகளும் செதுக்கியிருக்கிறார்கள். நம் கோயில் மண்டபங்களில் ராசிக் கட்டம் செதுக்கிய விதானத்தைப் பார்த்துப் பழகிய அம்மாவுக்கு ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லத் தெரியும். பல நேரம் பூட்டியிருக்கும். வழிகாட்டியைக் காலையிலேயே விசாரித்து வைக்கச் சொல்.

சாப்பாட்டைப் பற்றிக் கவலைப்பட்டிருந்தாய். அங்கே அன்றாடச் சாப்பாட்டுக்கே 'கொடி' என்று பெயர்: சோறு, சிவப்பு அவரை, இறைச்சி, சாலட். அவரையில் இறைச்சித் துண்டோ கோழிச் சாறு கட்டியோ போட்டிருப்பார்கள். 'இறைச்சி இல்லாமல்' என்று மட்டும் சொன்னால் கோழியை இறைச்சியாக எண்ண மாட்டார்கள். 'சின் கார்னே, சின் போயோ, சின் கால்தோ' என்று மூன்றையும் சொல். மோரோ தெ குவாந்துலேஸ் என்றால் பச்சைத் துவரை போட்ட சோறு, நம் துவரையேதான். வாழைக்காயை வெட்டி, பொரித்து, நசுக்கி, மறுபடி பொரித்த தொஸ்தோனேஸ், அவித்த மரவள்ளி, வெண்ணெய்ப்பழம். இவை போதும் நால்வருக்கும். கசாபே என்ற மரவள்ளி அப்பம் தைனோ மக்களிடமிருந்து வந்தது, அதையும் கேள். கட்டணச் சீட்டில் 18 சதவீத வரியும் 10 சதவீதச் சேவைக் கட்டணமும் சேர்ந்து வரும், திகைக்காதே. குழாய்த் தண்ணீர் வேண்டாம்.

லாரிமார் என்ற நீலக் கல்லை உங்களிடம் விற்கப் பார்ப்பார்கள். உலகிலேயே அந்த நாட்டின் பாராவோனா பகுதி மலையில் மட்டும்தான் கிடைக்கிறது என்பது உண்மை. மென்மையான கல், மோதிரத்தில் பதித்தால் சீக்கிரம் கீறல் விழும், பதக்கமாக வாங்கலாம். மிக மலிவாகத் தருவது, கையில் எடையே இல்லாதது, பெரும்பாலும் பிளாஸ்டிக். ஆமை ஓட்டுச் சீப்பும் கருப்புப் பவளமும் எடுத்துக் காட்டினால் தொடாதே. விமான நிலையச் சுங்கத்தில் சிக்கல் வரும். டாலர் வாங்குவார்கள், ஆனால் மாற்று விகிதம் அவர்கள் சொல்வதுதான். அந்த நாட்டுப் பணமான பேசோவைச் சின்ன நோட்டுகளாக வைத்துக்கொள். தேவாலய வாசலில் தானாக வந்து விளக்கம் சொல்லத் தொடங்குபவர் கடைசியில் பணம் கேட்பார். அடையாள அட்டை இல்லாவிட்டால் தொடக்கத்திலேயே கை கூப்பி விலகிவிடு.

நாட்டுக்குள் நுழைவதற்கான மின்சீட்டைக் கிளம்புமுன் அரசின் தளத்திலேயே நிரப்பு, அது இலவசம். காசு கேட்கிற தளம் போலி. அம்மாவின் இந்தியப் பாஸ்போர்ட்டில் செல்லுபடியாகும் அமெரிக்க விசா இருப்பதால் சுற்றுலாவுக்குத் தனி விசா தேவையில்லை. விமான நிறுவனத்திடம் ஒருமுறை கேட்டு உறுதிசெய்துகொள். பகல் பயணத்தில் பாஸ்போர்ட்டின் நகல் போதும்.

திரும்பும்போது ஓட்டல் உணவகம் மூடும் நேரத்தைக் காலையிலேயே விசாரித்து வை. பையில் கொஞ்சம் முறுக்கு இருக்கட்டும்.

இங்கே எல்லாரும் நலம். அந்த ராசி விதானம் திறந்திருந்ததா, அம்மா எந்த ராசியை முதலில் கண்டுபிடித்தார்கள் என்று வந்ததும் எழுது.

அன்புடன்,
மணி