வயரை உரசச் சொல்லாதீர்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வரும் வாசகர்களின் வீட்டுக்குறிப்புகளை என் மனைவி ஒன்று விடாமல் படிப்பார். பிடித்ததை வெட்டிப் பழைய டைரியில் ஒட்டி வைப்பார். புளியில் பூச்சி வராமல் இருக்க, வெள்ளிக் கொலுசு பளிச்சென்று இருக்க, பல்லியை விரட்ட என்று ஏழெட்டு வருடத்துக் குறிப்புகள் அதில் இருக்கின்றன. போன வாரம் அவர் புதிதாக ஒட்டியிருந்த துண்டு தற்செயலாக என் கண்ணில் பட்டது. டியூப்லைட்டில் ஸ்டார்ட்டர் (விளக்கைப் பற்ற வைக்கிற சின்ன டப்பா) போய்விட்டால் கவலைப்பட வேண்டாமாம். அதைக் கழற்றிவிட்டு, அந்த இடத்தில் ஒரு வயரின் இரண்டு முனைகளையும் வைத்து எடுத்தால் விளக்கு எரிந்துவிடுமாம்.

எரியும். அதுதான் வம்பே. பொய்யான குறிப்பு என்றால் ஒருமுறை செய்து பார்த்துவிட்டு விட்டுவிடுவார்கள். இது பலிக்கிற வித்தை. பலிக்கிற வித்தையை அப்பா செய்தால் பிள்ளையும் செய்து பார்க்கும்.

நான் கோவையில் ஒரு நூற்பாலையில் 33 வருடம் வயர்மேனாக இருந்து ஓய்வு பெற்றவன். ஸ்பின்னிங் பகுதியில் தலைக்கு மேலே வரிசை வரிசையாக டியூப்லைட்டுகள் தொங்கும். பஞ்சு பறந்து வந்து ஒவ்வொரு ஃபிட்டிங்கின் முதுகிலும் மெத்தை போலப் படிந்திருக்கும். ஏணியைத் தூக்கிக்கொண்டு, தோளில் ஒரு துணிப்பையில் இருபது முப்பது ஸ்டார்ட்டரைப் போட்டுக்கொண்டு சுற்றி வருவதே பாதி வேலை. (பக்கத்து பக்கத்து வரிசைகளை வேறு வேறு பேஸில், அதாவது மில்லுக்கு வரும் மூன்று கரண்ட் லைன்களில் வெவ்வேறு லைனில், கொடுத்திருப்போம். எல்லாம் ஒரே பேஸில் இருந்தால், சுற்றுகிற ஸ்பிண்டில் நின்றுகொண்டிருப்பது போலக் கண்ணுக்குத் தெரியலாம். யாராவது கையை வைத்துவிடுவார்கள். அது தனிக் கதை.)

1986-இல் ஒரு நைட் ஷிஃப்ட். என்னோடு இருந்த அப்ரென்டிஸ் பையனுக்குப் பையில் ஸ்டார்ட்டர் தீர்ந்துவிட்டது. இறங்கி ஸ்டோருக்குப் போகச் சோம்பல். பாக்கெட்டில் கிடந்த வயர்த் துண்டின் முனைகளைச் சீவி, ஸ்டார்ட்டர் ஹோல்டரில் வைத்து எடுத்தான். டியூப் எரிந்தது. அவன் கீழே கிடந்தான். ஷாக் பெரிதாக ஒன்றுமில்லை, பத்தடி உயரத்திலிருந்து விழுந்ததுதான் பெரிது. இடது மணிக்கட்டில் ஆறு வாரம் மாவுக்கட்டு. மறுநாள் ஆஸ்பத்திரியில் அவனைத் திட்டலாம் என்று போனேன். அவன் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: “வெச்சப்ப ஒண்ணும் ஆகலீங்கண்ணா. எடுத்தப்பத்தான் அடிச்சுது.”

பொறியியல் படிக்காத பையன் அவ்வளவு சரியாகச் சொன்னான். ஃபிட்டிங்குக்குள் இருக்கும் சோக் என்பது இரும்புத் தகடுகளின் மேல் சுற்றிய செம்புக் கம்பிதான். கரண்ட் ஓடிக்கொண்டிருக்கும் வரை அது பரம சாது. ஓடுகிற கரண்டைப் பட்டென்று வெட்டினால் திமிறும். வீட்டுக்கு வருவது 230 வோல்ட்தான். வெட்டுகிற அந்தக் கணத்தில் சோக் பல நூறு வோல்ட்டை உதறிவிடும். அந்த உதறலில்தான் நாலடி நீளக் குழாய்க்குள் இருக்கும் வாயு பற்றிக்கொள்கிறது. அந்த வெட்டு ஸ்டார்ட்டரில் நடக்கும்போது கண்ணாடிக் குமிழுக்குள், மூடிய டப்பாவுக்குள் நடக்கிறது. தங்கள் வாசகரின் குறிப்பிலோ, கண்ணாடி இருக்க வேண்டிய இடத்தில் மனிதருடைய விரல் இருக்கிறது. அதுவும் முக்காலி மேல் ஏறி நின்றுகொண்டு.

இந்த விடுமுறைக்கு வந்த பேரனுக்கு ஒரு பழைய ஸ்டார்ட்டரின் மூடியைக் கழற்றிக் காட்டினேன். எட்டாம் வகுப்பு. உள்ளே சுண்டுவிரல் நுனி அளவுக்கு ஒரு கண்ணாடிக் குமிழ். அதற்குள் கொக்கி போல வளைந்த ஒரு தகடு, அதன் எதிரே ஒரு கம்பி. இரண்டும் ஒட்டியும் ஒட்டாமலும் நிற்கும். பக்கத்தில் குட்டியாக ஒரு கண்டென்சர். சுவிட்சைப் போட்டதும் குமிழுக்குள் இருக்கும் வாயு மினுக்கென்று ஒளிரும். அந்தச் சூட்டில் தகடு வளைந்து போய்க் கம்பியைத் தொடும். (இரண்டு உலோகங்களை ஒட்டிச் செய்த தகடு, ஒன்று அதிகமாக நீளும், மற்றது குறைவாக நீளும், அதனால் வளைகிறது.) தொட்டதும் கரண்ட் டியூப்பின் இரு முனை இழைகள் வழியாக ஓடி அவற்றைச் சூடாக்கும். அதற்குள் குமிழில் மினுக்கு அணைந்து, தகடு ஆறி, விலகும். விலகியதும் சோக்கின் உதறல், டியூப் எரியும். எரிந்த பிறகு டியூப்பின் இரு முனைக்கும் இடையே சுமார் 100 வோல்ட்தான் நிற்கும். குமிழ் மறுபடி ஒளிர அது போதாது. ஸ்டார்ட்டர் தூங்கப் போய்விடும். அடுப்பைப் பற்ற வைத்த தீக்குச்சி மாதிரி.

“அப்ப கிளாஸ்ல எங்களை டியூப்லைட்னு திட்டறது இதுக்குத்தானா தாத்தா?” என்றான் பேரன். இந்த எல்.ஈ.டி. காலத்திலும் அந்த வசவு மட்டும் பிழைத்திருக்கிறது. சுவிட்ச் போட்டதும் பளிச்சென்று எரிகிற வீட்டில் வளரும் பிள்ளைகளுக்கு அதன் அர்த்தம் எப்படித் தெரியும்? ஒரு காலத்தில் சாயங்காலம் ஏழு மணிக்கு ஊரே மோட்டாரும் விளக்குமாகப் போடும்போது வோல்டேஜ் தொங்கிவிடும். டியூப் இரண்டு ஓரமும் கண்ணைக் கண்ணைச் சிமிட்டிக்கொண்டே இருக்கும். ரேடியோவில் செய்திக்கு நடுவே கர்ர் கர்ர் என்று கேட்கும். அந்தக் கரகரப்பைக் குறைக்கத்தான் அந்தக் குட்டிக் கண்டென்சர். டியூப்பின் மேல் ஒரு குற்றமும் இல்லை. பற்ற வைக்கிறவர் இரண்டு நொடி நேரம் எடுத்துக்கொள்கிறார், அவ்வளவுதான்.

குறிப்பு எழுதியவரின் கஷ்டம் எனக்குப் புரியாமல் இல்லை. ஸ்டார்ட்டர் இப்போது சுலபத்தில் கிடைப்பதில்லை. போன மாதம் எதிர்வீட்டு அக்கா, வயது எழுபதைத் தாண்டியவர், வாசலில் வந்து நின்றார். “ஏனுங்க, எங்கூட்டு லைட்டு ரெண்டு ஓரமும் செவப்பா நிக்குது, நடுவுல எரிய மாட்டேங்குதுங்க. லைட்டுக்காரத் தம்பி பார்த்துட்டு ஃபிட்டிங்கே போச்சு, புதுசா மாத்தோணும், 850 ரூவான்னு சொல்லுதுங்க” என்றார். அவர் அந்த வெளிச்சத்தில்தான் பிளவுஸ் தைக்கிறார்.

போய்ப் பார்த்தேன். சொன்னபடியே இரு முனையிலும் கங்கு போலச் சிவப்பு, நடுவில் இருட்டு. சிமிட்டல்கூட இல்லை. ஸ்டார்ட்டருக்குள் தகடு ஒட்டிக்கொண்டு விலகவில்லை என்று அர்த்தம். அப்படியே மணிக்கணக்கில் விட்டால் இழைகள் வெந்து டியூப்பும் போகும், சோக்கும் கொதிக்கும். பழக்க தோஷத்தில் ஸ்டூலில் ஏறி, சுவிட்சை அணைக்காமலே ஸ்டார்ட்டரைப் பிடித்து ஒரு திருகு திருகினேன். அது கையோடு வந்தது. டியூப் பளிச்சென்று எரிந்தது. “இதென்னுங்க, கழட்டினா எரியுது!” என்று அக்கா வாயில் கையை வைத்துக்கொண்டார். கூட வந்திருந்த என் மனைவி, ஊருக்கு உபதேசம் பண்ணுகிறவர் முதலில் சுவிட்சை அணைக்க வேண்டாமா என்று அங்கேயே வைத்து ஒரு பிடி பிடித்தார். நியாயம்தான். நான் செய்தது தப்பு. யாரும் செய்ய வேண்டாம்.

கடையில்தான் கூத்து. கல்லாவில் இருந்த பையனிடம் ஸ்டார்ட்டர் கேட்டால், “எத்தனை ஹெச்.பி. மோட்டாருக்குங்க?” என்கிறான். எங்கள் ஊரில் ஸ்டார்ட்டர் என்றால் கிணற்று மோட்டாருக்குத்தான். டியூப்லைட்டுக்கு என்றதும், “அதெல்லாம் இப்ப யாருங்க வாங்கறாங்க” என்றான். மூன்றாவது கடையில், பரணில் கிடந்த அட்டைப் பெட்டியிலிருந்து தூசி தட்டி ஒன்று எடுத்துக் கொடுத்தார்கள். இருபது ரூபாய். நான் இரண்டாக வாங்கி, ஒன்றை அக்காவின் தையல் மெஷின் டிராயரில் போட்டு வைத்தேன். அந்த 20 ரூபாய் உதிரி வீட்டில் இருந்தால் எந்த ராத்திரியும் வயரைத் தேட வேண்டியதில்லை.

வாங்கும்போது டப்பாவின் மேல் அச்சிட்டிருப்பதைப் படியுங்கள். சாதாரண நாலடி டியூப்புக்கு 4–65 அல்லது 4–80 வாட் என்று இருக்க வேண்டும். 4–22 என்று போட்டிருப்பது, ஒரே சோக்கில் இரண்டு சின்ன டியூப் எரிகிற ஃபிட்டிங்குக்கு உரியது. பார்க்க இரண்டும் ஒன்று போலவே இருக்கும்.

மாட்டுவது பெரிய வித்தை இல்லை. சுவிட்சை அணைத்தால் மட்டும் போதாது, மெயினையும் அணைத்துவிடுங்கள். பழைய வீடுகளில் சுவிட்சைக் கரண்ட் வரும் லைனில் கொடுக்காமல், அது திரும்பிப் போகும் நியூட்ரலில் கொடுத்து வைத்த புண்ணியவான்கள் உண்டு. அங்கே சுவிட்ச் அணைந்திருந்தாலும் ஹோல்டரில் கரண்ட் நிற்கும். அணைத்த பிறகும் இருட்டில் டியூப் மங்கலாக மினுங்குகிறது என்றால் பெரும்பாலும் அந்தக் கதைதான். ஆடாத முக்காலி, காய்ந்த கை. பழைய ஸ்டார்ட்டரை லேசாக உள்ளே அழுத்தி இடப்பக்கமாகக் கால் சுற்று திருகினால் வந்துவிடும். புதியதன் இரு குமிழ்க் கால்களையும் துளையில் விட்டு வலப்பக்கம் கால் சுற்று. தொளதொள என்று ஆடினால் ஹோல்டர் தளர்ந்திருக்கிறது. அதற்கு ஆளைக் கூப்பிடுங்கள்.

எல்லாவற்றுக்கும் ஸ்டார்ட்டர் மேல் பழி போடவும் கூடாது. டியூப்பின் ஓரங்களைப் பார்த்தாலே பாதி தெரிந்துவிடும். இரு முனையும் கரியப்பிய மாதிரி கறுத்துப்போய், விடாமல் சிமிட்டினால் டியூப்புக்கு வயதாகிவிட்டது. அதில் புது ஸ்டார்ட்டரைப் போட்டால் அதையும் சேர்த்துக் கெடுக்கும். ஓரம் வெள்ளையாக இருந்து சிமிட்டினால் ஸ்டார்ட்டரை மாற்றிப் பாருங்கள். ஒன்றுமே அசையவில்லை என்றால் முதலில் டியூப் ஹோல்டரில் சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்று திருகிப் பாருங்கள், பிறகு பக்கத்து அறை ஸ்டார்ட்டரை, மெயினை அணைத்துவிட்டு, இங்கே மாட்டிப் பாருங்கள். அதற்கும் மசியாவிட்டால்தான் டியூப், சோக் எல்லாம்.

எல்.ஈ.டி. வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 36 வாட் டியூப் சோக்கோடு சேர்ந்து 45 வாட்டுக்கு மேல் இழுக்கிறது. அதன் வேலையை 20 வாட் எல்.ஈ.டி. செய்துவிடும். பாதரசத்தைக் கட்டுப்படுத்தும் மினமாட்டா உடன்படிக்கையின் நாடுகளும் 2023-இல் ஜெனீவாவில் கூடி, இந்த டியூப்லைட்டுகளின் தயாரிப்பையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2027-க்குள் நிறுத்திவிடுவதென முடிவு செய்திருக்கின்றன. உள்ளே பாதரசம் இருப்பதுதான் காரணம். அதனால்தான் எரிந்து முடிந்த டியூப்பைத் தெருவில் உடைக்காதீர்கள் என்கிறேன். ஆனால் நன்றாக எரிகிற டியூப்பை 20 ரூபாய்ச் சாமானுக்காகக் கழற்றி எறிவதும், அதே 20 ரூபாயை மிச்சம் பிடிக்க வயரை உரசுவதும் எனக்குச் சம்மதமில்லை. அக்கா வீட்டு டியூப் அதன் காலம் முடியும் வரை எரியட்டும். முடிந்ததும் நானே எல்.ஈ.டி. மாட்டிக் கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறேன்.

தாங்கள் அந்தக் குறிப்புக்கு ஒரு திருத்தம் வெளியிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். கடிதம் பகுதியில் வந்தால் போதாது. வெட்டி ஒட்டுகிறவர்கள் அதைப் பார்ப்பதில்லை. வந்த இடத்திலேயே, அதே கட்டத்தில் வரட்டும். என் வீட்டு டைரியில் இருக்கும் துண்டைக் கிழிக்கப் போனேன். பின்பக்கம் மாவடு குறிப்பு இருக்கிறதாம், மனைவி விடவில்லை. உங்கள் திருத்தம் வந்தால் அதன் மேலேயே ஒட்டிவிடுகிறேன் என்று பசையோடு காத்திருக்கிறார்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மில் வயர்மேன்,
சிங்காநல்லூர், கோவை.