வாதி இறந்தால் வழக்கு இறப்பதில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் சட்டக் கேள்வி பதில் பகுதியில், பாகப்பிரிவினை வழக்கு நடக்கும்போதே தகப்பனாரை இழந்த ஒரு வாசகருக்கு, "வாதி இறந்துவிட்டால் வழக்கும் அதோடு முடிந்துவிடும்" என்று ஒரே வரியில் பதில் சொல்லியிருக்கிறீர்கள். அதைப் படித்த இரவு நான் தூங்கவில்லை. இதே வரியை முன்பு ஒருமுறை கேட்டு நம்பியதால்தான் எங்கள் குடும்பம் நிலத்தை இழந்தது.

ஊரில் தாத்தா விட்டுச்சென்ற நிலத்தில் தம் பங்கைக் கேட்டு, என் அப்பா பர்மாவின் யாங்கோனில் இருந்தபடியே வழக்குப் போட்டிருந்தார். வாய்தாவுக்கு வாய்தா இங்கிருந்து போய்வர முடியுமா? தாய்மாமாவுக்குப் பவர் எழுதிக் கொடுத்திருந்தார். 1994இல் அப்பா காலமானார். எழுதிக் கொடுத்தவர் கண்மூடினால் பவரும் செல்லாது என்பதுகூட எங்களுக்குத் தெரியாது. தந்தி கிடைத்த வாரமே மாமா வக்கீலிடம் ஓடினார். "வாதியே போய்விட்டார், இனி என்ன வழக்கு?" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். மாமா எழுதிய கடிதத்தை அம்மா மடித்துச் சாமி படத்துக்குப் பின்னால் வைத்துவிட்டார். அதன் பிறகு நிலத்தைப் பற்றி அவர் பேசியதே இல்லை.

தாங்கள் அறியாததல்ல. இந்தியாவின் 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 22ஆம் கட்டளை, முதல் விதியிலேயே, வழக்கிடும் உரிமை நிலைத்திருக்குமானால் ஒரு தரப்பார் இறந்ததால் வழக்கு அற்றுப்போகாது என்கிறது. அவதூறு வழக்குபோல ஆளோடு போய்விடுபவை வேறு. நிலத்தின் உரிமை வாரிசுக்கு இறங்குகிறதே! இறந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் வாரிசுகள் தங்களைச் சேர்க்கும்படி மனுப் போட வேண்டும். தவறினால்தான் வழக்கு அற்றுப்போகும். அதற்கு நீதிபதியின் உத்தரவுகூட வேண்டாம், நாள் கடந்தால் தானாகவே நடந்துவிடும். அதன் பிறகும் 60 நாளுக்குள், வழக்கு அற்றுப்போனதை நீக்கக் கேட்கலாம். அதுவும் தாண்டினால், போதிய காரணம் காட்டித் தாமதத்தை மன்னிக்கக் கேட்க வேண்டும். விசாரணை முடிந்து தீர்ப்புக்காக நிற்கும் வழக்கென்றால் இந்தக் கெடுவே இல்லை.

இவ்வளவும் எங்களுக்குத் தெரியவந்தபோது நான்கு ஆண்டுகள் ஓடியிருந்தன. மனு தள்ளுபடியாயிற்று. அற்றுப்போன வழக்கின் அதே காரணத்துக்குப் புது வழக்கும் போட முடியாது. கட்சிக்காரர் இறந்தது தெரிந்தால் வக்கீல் நீதிமன்றத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 1976ஆம் ஆண்டுத் திருத்தத்திலேயே எழுதியிருக்கிறதாம். எங்கள் வக்கீல் தெரிவிக்கவில்லை.

நாங்கள் அங்கே வந்து கேட்க முடியாதவர்கள் என்பதால்தானே இப்படி நடந்தது? தங்கள் இதழிலும் எங்கள் நிலை அதுதான். அயலகத் தமிழர் சிறப்பிதழில் சிங்கப்பூருக்கும் மலேசியாவுக்கும் பக்கம் பக்கமாக இடம் இருந்தது, எங்களுக்கு ஒரு பத்தி இல்லை. 1964இல் கடைகளைப் பறிகொடுத்துக் கப்பலேறியவர்களைப் பற்றி எழுதுகிறீர்கள். போகாமல் இங்கேயே நின்று, கோயிலையும் தமிழ்ப் பள்ளியையும் காத்தவர்கள் தங்கள் கண்ணில் படவில்லை. இதைப் பற்றி முன்பு இரண்டு கடிதங்கள் எழுதினேன். இரண்டும் வெளிவரவில்லை, அதற்காக இப்போது கேட்கவும் இல்லை.

ஆனால் இந்தப் பதிலை அப்படி விட முடியாது. 1937இல் இந்தியாவிலிருந்து பிரிந்த பிறகும் பர்மாவில் இன்றுவரை அதே 1908ஆம் ஆண்டுச் சட்டம்தான். தங்கள் இதழ் இங்கே கைக்குக் கை மாறிப் பத்து வீடுகளுக்குப் போகிறது. அச்சில் வந்ததை எங்கள் ஆட்கள் நம்புவார்கள்.

அடுத்த இதழில், அதே பக்கத்தில், 90 நாள் கெடுவைக் குறிப்பிட்டு ஒரு திருத்தம் வெளியிடுங்கள். கேள்வி கேட்ட அந்த வாசகர், தகப்பனார் இறந்த தேதியை எழுதவில்லை. அவருக்கு இன்னும் நாள் மீதமிருக்கலாம். இதழ் வரும்வரை காத்திராமல், தயவுசெய்து அவருக்கு இன்றே ஒரு கடிதம் போடுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி,
யாங்கோன்