சீட் கோடு ஏமாற்று வேலை அன்று

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பழைய வீடியோ கேம்களைப் பற்றித் தங்கள் நாளிதழின் சிறுவர் பகுதியில் வந்த கட்டுரை, ஆட்டத்தில் கூடுதல் உதவி பெற அழுத்தும் மறைவான பொத்தான் வரிசையான சீட் கோடு என்பதை ‘ஏமாற்றுக் குறியீடு’ என்று தமிழாக்கி, அதைப் பயன்படுத்தும் பிள்ளைகளுக்குப் பொறுமை வளராது என்று முடித்திருந்தது. அந்தச் சொல்லையும் முடிவையும் என்னால் ஏற்க இயலவில்லை.

‘கிரேடியஸ்’ ஆட்டத்தை 1986இல் நின்டெண்டோ நிறுவனத்தின் ஃபேமிகாம் என்னும் டிவி கேம் கருவிக்குக் கொண்டுவந்த கோனாமி நிறுவனத்தின் கசுஹிசா ஹஷிமோட்டோ, சோதனைக்காகத் தாமே ஆடிப் பார்த்தபோது கடக்க முடியாத அளவுக்கு அது கடினமாக இருந்ததால், மேல், மேல், கீழ், கீழ், இடம், வலம், இடம், வலம், பி, ஏ என்னும் பொத்தான் வரிசையை அதனுள் வைத்தார். ஆக்கியவரே தமக்காக வைத்துக்கொண்ட வழி அது. பின்னர் வந்த ‘கான்ட்ரா’ ஆட்டத்தில் அதே வரிசை 3 உயிர்களை 30 ஆக்கியது.

தொண்ணூறுகளில், வேலூர் கொசப்பேட்டையில் எங்கள் வீட்டிலும் ஒரு டிவி கேம் இருந்தது. போலியோவால் வலக்கை தளர்ந்திருந்த என் தம்பி, ‘கான்ட்ரா’வில் 3 உயிர்களோடு மூன்றாம் கட்டத்து அருவியைத் தாண்டியதே இல்லை. அந்த வரிசையைக் கற்ற பிறகும் ஆட்டம் எளிதாகிவிடவில்லை; சேமித்து வைக்கும் வசதி இல்லாததால், கோடையில் கரன்ட் போகும்போதெல்லாம் முதலிலிருந்தே தொடங்கி, பல வாரங்கள் போராடித்தான் அவன் இறுதிக் காட்சியைக் கண்டான். அவனுக்குப் பொறுமை இல்லையென்று எவர் சொல்ல முடியும்?

ரசிகர்கள் ஆட்டத்தின் கடினத்தை மாற்றுவது திருட்டு என்றும் அக்கட்டுரை கூறுகிறது. கேசட்டுக்கும் கருவிக்கும் நடுவே பொருத்தப்படும் ‘கேம் ஜீனி’, கேசட்டில் எதையும் அழிக்காமல், கருவி படிக்கும் நேரத்தில் சில எண்களை மட்டும் மாற்றித் தரும். அதைத் தடுக்கக் கோரி நின்டெண்டோ செய்த மேல்முறையீட்டில், 1992இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றமும் அந்நிறுவனத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பளிக்கவில்லை. இன்று ஆட்டத்தை மாற்ற ரசிகர்கள் எழுதும், ‘பேட்ச்’ எனப்படும் திருத்தக் கோப்புகளிலும் பெரும்பாலும் மாறிய பகுதிகள் மட்டுமே இருக்கும். அவற்றுள் ஆட்டத்தை எளிதாக்குபவையும் உண்டு, மூல ஆட்டத்தைவிடப் பன்மடங்கு கடினமாக்குபவையும் உண்டு.

எதிரே ஒருவர் போட்டியிடும்போது அவர் அறியாமல் இவற்றைப் பயன்படுத்துவது ஏமாற்றுதான். அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. தனியே ஆடும் பிள்ளை யாரையும் ஏமாற்றவில்லை. ஆகவே அச்சொல்லைத் திருத்தி, வரும் சிறுவர் பகுதியில் ஒரு சிறு குறிப்பு வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
காட்பாடி