மிக்ட்லானின் அரசருக்கும் அரசிக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய மிக்ட்லான்டெகூட்லி அவர்களுக்கும் அரசியார் மிக்டெகாசிவாட்ல் அவர்களுக்கும்,

வணக்கம். நான் உங்கள் குடிமகன் அல்ல; செத்தவர்கள் போய்ச் சேர்வதாக அஸ்டெக் மக்கள் நம்பிய உங்கள் பாதாள உலகத்துக்கு இன்னும் வரவில்லை. 16-ஆம் நூற்றாண்டில் சஹாகுன் என்ற துறவி மெக்சிகோப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிவைத்த ஏடுகளை வாசிக்கப் போய், ஒரு வரியில் மாட்டிக்கொண்டேன். ஒரு வாரமாகத் தூக்கம் சரியில்லை.

செத்தவர் உங்களிடம் வந்துசேரும் பாதையில் மோதும் மலைகள், பாம்பு காக்கும் வழி, பச்சைப் பல்லி, எட்டுப் பாலைகள், எட்டுக் குன்றுகள், எல்லாம் சேர்த்து 4 வருட நடை. சரி, செத்தவன் நடக்கட்டும். என் புகார் அந்தக் கத்திக் காற்றைப் பற்றி மட்டும்.

எரிமலைக் கண்ணாடிக் கத்தியாக வீசும் காற்று அது. அதைத் தாங்கத்தான் ஆணின் சிதையில் அவன் ஆயுதங்களையும், கைதிகளிடம் பறித்த ஆடைகளையும் போட்டு எரிக்கிறார்கள். பெண் என்றால் கூடைகள், நூற்கும் நெய்யும் சாமான்கள். எரித்ததெல்லாம் அங்கே மறைப்பாக வந்து நிற்கும். நிறைய வைத்திருந்தவர் கடந்துவிடுவார். எரிக்க எதுவுமில்லாதவர் மிகவும் அவதிப்பட்டார் என்கிறது ஏடு. அவ்வளவுதான், அடுத்த விஷயத்துக்குப் போய்விடுகிறது.

ஆயுள் முழுக்கக் கப்பத்துக்குத் துணி நெய்து கொடுத்தவளை நினைத்துப் பாருங்கள். அவள் நெய்தது யார் யார் தோளிலோ கிடக்கிறது. அவள் மட்டும் அந்தக் காற்றில் உடுத்திய கிழிசலோடு நிற்கிறாள். நினைத்தாலே ஈரக்குலை நடுங்குகிறது.

நான் கேட்பது பெரிதல்ல. அந்த இடத்தில் இல்லாதவர்களுக்கென்று ஒரு தட்டி கட்டுங்கள்.

போரில் செத்தால் சூரியனோடு ஊர்வலம். நீரில் மூழ்கினால் மழைத் தெய்வம் ட்லாலோக்கின் பசுமையான தோட்டம். நோயில் பாயோடு பாயாகக் கிடந்து செத்தவர்தான் உங்களிடம் வருகிறார், அரசனானாலும் குடியானவனானாலும். அந்த வரையில் உங்களுக்குப் பாரபட்சம் இல்லை, ஒப்புக்கொள்கிறேன். வழியில்தான் இருக்கிறது.

அப்புறம், செத்தவரை ஆறு கடத்த வேண்டிய அந்த ஆற்றங்கரை நாய்கள்! வெள்ளை நாய், 'இப்போதுதான் குளித்தேன்' என்கிறதாம். கறுப்பு நாய், 'இப்போதுதான் மேலெல்லாம் கறை பூசிக்கொண்டேன்' என்கிறதாம். மஞ்சள் நாய் மட்டுமே அக்கரை சேர்க்கும். நான் ஏறி இறங்காத அலுவலகம் இல்லை. இவ்வளவு நேர்த்தியான சாக்கை எங்கும் கேட்டதில்லை. முன்பு மனிதரைப் படைக்க எலும்பு கேட்டு வந்த கெட்சல்கோவாட்ல் தெய்வத்திடமே துளையில்லாத சங்கைக் கொடுத்து ஊதச் சொன்னவர் நீங்கள். அவருக்குத் துளை போடப் புழுக்கள் வந்தன. அந்த நெசவுக்காரிக்கு யார் வருவார்?

மன்னிக்கவும், வந்த விஷயத்தை விட்டு எங்கோ போய்விட்டேன்.

1994-இல் அஸ்டெக் தலைநகர் டெனோச்டிட்லானின் பெரிய கோயிலை ஒட்டிய கழுகு மாளிகையில் கிடைத்த உங்கள் சுடுமண் உருவத்தைப் படத்தில் பார்த்தேன். விலா எலும்புகளுக்குக் கீழே ஈரல் தொங்குகிறது. உங்கள் மக்கள் உணர்ச்சி குடியிருப்பதாக நம்பிய இடம் அது. ஈரலை இப்படி வெளியே தொங்கவிட்டிருப்பவரிடம் கொஞ்சம் ஈரத்தையும் எதிர்பார்ப்பது தவறில்லையே?

அரசியாராவது எடுத்துச் சொல்லுங்கள். ஒரு தட்டி போதும். கிடைக்காவிட்டால் பழைய கோரைப்பாய் நாலைந்தைச் சேர்த்துக் கட்டினாலும் சரி.

பணிவுடன்,
ஒரு வாசகன்