படப்பெட்டி வந்த கையோடு

அன்புள்ள சேகர்,

அந்தப் பழைய படத்தின் 35 மி.மீ. பிலிம் ரீல்கள் அடங்கிய படப்பெட்டி காயலான் கடைக்குப் போகாமல் உன் கைக்கு வந்து சேர்ந்ததில் பெரிய நிம்மதி. ஆசைக்குக்கூட அதைப் புரொஜெக்டரில் ஓட்டிவிடாதே. சுருங்கிய பிலிமின் துளைகள், அதை இழுக்கும் சக்கரத்தின் ஸ்ப்ராக்கெட் பல்லில் சரியாக உட்காராது. ஓரம் வரிசையாகக் கிழியும்.

முதலில் ஒவ்வொரு ரீலையும் மோந்து பார். வினிகர் நெடி அடித்தால் பிலிமின் அடித்தளமான அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது. அந்த ரீலைத் தனியே, காற்றுப் போகும் டப்பாவில் வை. இறுக மூடினால் அமில ஆவி உள்ளேயே தங்கி, சிதைவு இன்னும் வேகம்பிடிக்கும். டிஜிட்டலாக மாற்றும் ஸ்கேனுக்கு அதுதான் முதலில் போக வேண்டும்.

தலைப்பில் சென்சார் சான்றிதழ் இருந்தால் நீளத்தைச் சரிபார். நிமிடத்துக்கு 90 அடி, அடிக்கு 16 ஃபிரேம். 13,500 அடி என்றிருந்தால் 150 நிமிடம். குறைவது பெரும்பாலும் ரீல்களின் தலையிலும் வாலிலும்தான். அங்கேதான் தேய்மானமும் கிழிசலும் அதிகம்.

பிலிமை வெட்டி ஒட்டியிருக்கும் ஒட்டுகளைக் கையால் சுற்றியபடி குறித்துக்கொள். இதில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். பிலிமின் ஓரத்தில் இருக்கும் ஒலித்தடம் தனக்குரிய படத்தைவிடச் சுமார் 20 ஃபிரேம் முன்னால் அச்சாகியிருக்கும். ஆபரேட்டர் 8 ஃபிரேமை வெட்டி ஒட்டியிருந்தால், படம் குதிப்பது ஓரிடம். ஒலி அறுந்திருப்பது முக்கால் விநாடிக்கு மேல் தள்ளி, படம் முழுசாக இருக்கும் இடத்தில். அதே படத்தின் இன்னொரு பிரிண்ட் (பிலிம் பிரதி) கிடைத்து விடுபட்டதை அடைக்கும்போது படத்துக்குத் தனியாக, ஒலிக்குத் தனியாக அடைக்க வேண்டும்.

படம் முழுக்கச் சிவப்பாகிவிட்டது என்று எழுதியிருந்தாய். நம் பிரிண்டின் ஈஸ்ட்மன்கலரில் சயான் (நீலப்பச்சை) சாயம்தான் முதலில் மங்கும். 1977 ஸ்டார் வார்ஸை ரசிகர்கள் 4கே77 என்று மீட்டபோது அவர்களுக்கு அமைந்தது டெக்னிகலர் சாயப் பிரிண்ட். அதில் நிறம் அப்படியே நிற்கும். நமக்கு அந்த வசதி இல்லை. சயான் பதிவாவது ஸ்கேனின் சிவப்புச் சேனலில்தான். அதில் எஞ்சியிருக்கும் மெல்லிய வேறுபாட்டைப் பிடிக்க, சிவப்பு, பச்சை, நீலம் மூன்றுக்கும் எக்ஸ்போஷரைத் தனித்தனியே வைக்கும்படி ஸ்கேன் செய்பவரிடம் சொல். ஸ்ப்ராக்கெட் பல் இல்லாத ஸ்கேனர், ஒவ்வொரு ஃபிரேமையும் தனிக் கோப்பாக வைக்கும் 16 பிட் டிபிஎக்ஸ், நிறத்திருத்தம் எதுவும் வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொல்லிவிடு. 8 பிட்டில் வாங்கினால், சயானை மீட்க இழுக்கும்போது இரவுக் காட்சிகள் பட்டை பட்டையாகப் பிரிந்துவிடும். பிலிமின் இயல்பான கிரெயினை (மணித்துகளை) துடைக்கும் மென்பொருளையும் கிட்டே விடாதே. முகத்தின் நுணுக்கமெல்லாம் அதோடு போய்விடும்.

முழு 4கே ஃபிரேமாக 150 நிமிடத்துக்கு ஏறக்குறைய 16.5 டெராபைட் பிடிக்கும். இரண்டு பிரதி வேண்டும், வட்டுக்கு இப்போதே ஏற்பாடு செய்.

முதல் ரீலின் ஓரத்தில் ஈஸ்ட்மன் என்ற எழுத்தின் பக்கத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் ஏதாவது இருந்தால் போட்டோ எடுத்து அனுப்பு. அந்த பிலிம் எந்த ஆண்டில் தயாரானது என்று பார்த்துச் சொல்கிறேன்.

அன்புடன்,
முரளி