நெகட்டிவ் எங்கே, பேப்பர் எங்கே?

குறைந்த செலவில் கல்ட் படம் எடுக்கும் தயாரிப்பாளர்களுக்கு,

பட மூலங்களையும் உரிமைப் பத்திரங்களையும் பராமரிக்கிறவர்கள் எழுதும் மடல் இது.

உங்கள் படம் வெளியான வாரத்தில் பெரும்பாலும் ஓடாது. நள்ளிரவுக் காட்சி, கேசட், டிவிடி, ஓடிடி என்று பத்துப் பதினைந்து வருடம் கழித்துத்தான் அதை விடாமல் கொண்டாடும் ரசிகர் கூட்டம் சேரும்; கல்ட் படம் என்பது அதுதான். அப்போது வாங்க வருகிறவர் முதலில் கேட்பது தலைப்பில் உள்ள இரண்டைத்தான்: பட மூலமான நெகட்டிவ், உரிமைப் பத்திரமான பேப்பர்.

'நைட் ஆஃப் த லிவிங் டெட்' பட்ட பாடு உங்களில் பலருக்குத் தெரியும். 1968இல் வந்த அமெரிக்கத் திகில் படம். செலவு சுமார் 1,14,000 டாலர். முதலில் அதற்கு 'நைட் ஆஃப் த ஃபிளெஷ் ஈட்டர்ஸ்' என்று பெயர். காப்புரிமைக் குறிப்பு அந்த டைட்டில் கார்டிலேயே இருந்தது. விநியோகஸ்தர் பெயரை மாற்றியபோது புதுக் கார்டில் குறிப்பு விடுபட்டது. குறிப்பில்லாமல் வெளியானால் அன்றைய அமெரிக்கச் சட்டப்படி படம் பொதுச்சொத்து. கண்டவரெல்லாம் பிரிண்டும் கேசட்டும் போட்டு விற்றார்கள். எடுத்தவர்களால் தடுக்க முடியவில்லை. ஒரே ஒரு கார்டு!

இன்று அந்தக் குறிப்பு கட்டாயமில்லை. படத்தின் உரிமை கைமாறி வந்ததைக் காட்டும் பத்திரச் சங்கிலி இன்று அறுவது வேறு இடங்களில். கதாசிரியர் நண்பர்தானே என்று எழுதி வாங்காமல் விடுவீர்கள். பாட்டை 'விழாத் திரையிடலுக்கு மட்டும்' என்ற மலிவு உரிமத்தில் எடுத்துவிட்டு மறந்துபோவீர்கள். ஒரு பாட்டுக்கு இரண்டு அனுமதி வேண்டும்: மெட்டுக்கும் வரிக்கும் ஒன்று, அந்த ஒலிப்பதிவுக்கு இன்னொன்று. எல்லாக் கையெழுத்தையும் படப்பிடிப்புக்கு முன்பே வாங்கிவிடுங்கள். படம் பேசப்பட்ட பிறகு அதே கையெழுத்துக்கு விலையே வேறு.

விநியோக ஒப்பந்தத்தில் கமிஷன் சதவீதத்துக்காக மல்லுக்கட்டுகிறீர்கள். அடுத்த வரியைப் படிப்பதில்லை. வசூல் 100, கமிஷன் 30 என்றால் மீதி 70 உங்களுக்கு என்று நினைப்பு. அந்த 70இலிருந்து விளம்பரம், பிரிண்ட், சந்தைப் பயணம் என்று செலவைக் கழிப்பார்கள். அதற்கு உச்சவரம்பு எழுதாவிட்டால் கணக்கு என்றைக்கும் பூஜ்யத்தில்தான் நிற்கும். உச்சவரம்பு, கணக்கைத் தணிக்கை செய்யும் உரிமை, காலவரை, நிறுவனம் திவாலானால் உரிமை உங்களிடமே திரும்பும் என்ற ஷரத்து: இந்த நான்கும் இல்லாமல் கையெழுத்துப் போடாதீர்கள். லேபில் நெகட்டிவ் உங்கள் பெயரில் இருக்கட்டும். விநியோகஸ்தருக்குப் பிரதி எடுக்கும் அனுமதிக் கடிதம் மட்டும் போதும்.

மிக்ஸிங் நாளில் காசு தீர்ந்துபோய் எம் அண்ட் இ டிராக்கை (வசனம் இல்லாமல் இசையும் எஃபெக்ட்ஸும் மட்டும் உள்ள ஒலித்தடம்) விட்டுவிடுவது வழக்கம். பின்னால் வேறு மொழிக்காரர் டப்பிங் செய்ய வந்தால் வசனத்தை அணைக்கும்போது காலடிச் சத்தம், கதவுச் சத்தம், பின்னணி இசை எல்லாம் சேர்ந்தே போய்விடும். அதை மறுபடி உருவாக்குவதற்கு ஆகும் செலவைப் பார்த்தே பலர் பின்வாங்குவார்கள். வசனம், இசை, எஃபெக்ட்ஸ் மூன்றையும் தனித்தனியாக எடுத்து வையுங்கள். எழுத்தில்லாத டைட்டில் காட்சியும் அப்படித்தான்.

ஃபிலிமில் எடுத்தவர்கள் கேனைத் திறந்து முகர்ந்து பாருங்கள். வினிகர் வாடை அடித்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். வெளிவரும் அமிலமே சிதைவை வேகப்படுத்தும், பக்கத்து ரோலையும் கெடுக்கும். வாடை அடிக்கும் ரோலைத் தனியே பிரித்து, குளிர்ந்த உலர்ந்த இடத்துக்கு மாற்றி, சுருங்கிப்போகும் முன் ஸ்கேன் செய்யுங்கள். காற்றுப் புகாமல் டேப் சுற்றி வைப்பது பாதுகாப்பு என்று நினைக்காதீர்கள். அமிலத்தை உள்ளேயே அடைக்கிறீர்கள்.

டிஜிட்டல்காரர்களுக்கும் நிம்மதி இல்லை. அலமாரியில் சும்மா கிடந்த ஹார்ட் டிஸ்க் ஒருநாள் சுழலாமல் போகும். மூன்று பிரதி, அதில் ஒன்று வேறு ஊரில், வருடம் ஒருமுறை செக்சம் (கோப்பு கெடவில்லை என்று காட்டும் எண்) சரிபார்ப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். எல்டிஓ என்ற சேமிப்பு டேப்பில் வைத்திருந்தால் தலைமுறை எண்ணைப் பாருங்கள்: எல்டிஓ-8 டிரைவ் எல்டிஓ-6 டேப்பைப் படிக்காது. பழைய டிரைவைக் கழித்துக்கட்டும் முன் டேப்பை மாற்றிப் பதிந்துவிடுங்கள்.